சம்மந்தி வீட்டுத் தக்காளிக்காய் கேசரோல்

என் முகத்துக்கு ஒரு முழம் தூரத்தில் சம்மந்தியின் செல்போன் இருந்தது. என் கையில் பீங்கான் தட்டு. தட்டில் ஒரு பச்சைத் தக்காளி வில்லை, அதன்மேல் கருகிய ரஸ்க் தூள், அதற்கும் மேலே உருகி மறுபடி இறுகிப்போன சீஸ். தட்டின் ஓரத்தில் பச்சை நிறத்தில் ஏதோ தண்ணீர் தேங்கி நின்றது.

"டீச்சர், கடிங்க. கேமராவைப் பாத்துக் கடிங்க. அயர்லாந்துல எங்க மோளு காத்துட்டு இருக்கா," என்றார் சம்மந்தி தங்கராஜ்.

அவருக்குப் பின்னால், கைகளில் ஓவன் கையுறை மாட்டியபடி என் மகள் ஷைனி நின்றாள். கண்ணாலேயே என்னிடம் ஒன்று சொன்னாள். நான் பெற்ற பிள்ளையின் கண் எனக்குப் புரியாதா? 'அம்மா, தின்னு, சிரி, வாயை மூடு' என்றது அந்தக் கண்.

மூன்றையும் ஒரே நேரத்தில் எப்படிச் செய்வது என்று அது சொல்லவில்லை.

கடித்தேன்.

விசில் ஊதிய வாய்

போன வாரம் இந்தப் பகுதியில் கல்யாணப் பந்தியைப் பற்றி எழுதியதைப் படித்துவிட்டு உறவுக்காரர்களில் சிலர் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டார்கள். பேசிக்கொண்டிருக்கும் மீதிப் பேரை இந்த வாரம் கவனித்துவிடலாம் என்று இருக்கிறேன்.

புதிதாகப் படிக்க வந்தவர்களுக்கு: நான் நாகர்கோவிலில் ஒரு பெண்கள் பள்ளியில் விளையாட்டு ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். ஓய்வு பெற்றது கால்முட்டு மட்டும்தான், வாய் இன்னும் சர்வீஸில் இருக்கிறது என்று என் வீட்டுக்காரர் சொல்வார். விசில் ஊதியும் கத்தியும் பழகிய வாய் இது. மனதில் தோன்றுவதற்கும் வாயில் வருவதற்கும் நடுவே எனக்கு வாசல்படி கிடையாது. அப்படிப்பட்டவளிடம்தான் என் மகள், வாயைத் திறக்காதே என்று முந்தின நாள் போனில் கெஞ்சியிருந்தாள்.

காரணம் இருந்தது. ஷைனி பிசியோதெரபி படித்தவள். நாகர்கோவிலில் ஒரு சின்ன சிகிச்சை மையத்தில் வேலை. முட்டு தேய்ந்த பெரியவர்களை நடக்க வைப்பாள், விழுந்து தோள் பிசகியவர்களைக் கை தூக்க வைப்பாள். என்னிடம் அரை நிமிடம் பொறுமையாகப் பேசாத பிள்ளை, அங்கே ஒரு கிழவர் ஒரு அடி எடுத்து வைக்க அரை மணி நேரம் காத்து நிற்பாள். அந்த வேலையில் அவளுக்கு அப்படி ஒரு உயிர். கல்யாணத்துக்கு எடுத்த லீவு முடிந்துவிட்டது. வரும் திங்கட்கிழமை சேராவிட்டால் வேறு ஆளைப் போட்டுவிடுவோம் என்று மையத்தில் சொல்லிவிட்டார்கள்.

பெண் பார்க்க வந்தபோதே வேலையைப் பற்றிக் கேட்டோம். "அதுக்கென்ன, கல்யாணம் முடியட்டும், பாக்கலாம்," என்றார் தங்கராஜ். எங்கள் பக்கத்தில் 'முடியாது' என்று முகத்துக்கு நேரே சொல்ல மாட்டார்கள். 'பாக்கலாம்' என்று சொல்லிவிட்டு மிக்சரை எடுத்து வாயில் போட்டுக்கொள்வார்கள். அவரும் போட்டுக்கொண்டார்.

இதில் எனக்கு ஆத்திரம் என்னவென்றால், அவருடைய சொந்த மகள் அயர்லாந்தில் நர்ஸாக இருக்கிறாள். மகள் ராத்திரி டியூட்டி பார்ப்பது அவருக்குப் பெருமை. கல்யாணப் பந்தலில் அதைக் கேட்காத ஆள் இல்லை. மருமகள் பகல் டியூட்டிக்கு நாகர்கோவில் வரை பஸ்ஸில் போவதுதான் குடும்பத்துக்குக் குறைச்சல்.

மாப்பிள்ளை பிரதீப் எந்தப் பக்கம் என்று கேட்பீர்கள். அவர் பெங்களூர் கம்பெனி ஒன்றுக்கு வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறவர். எப்போதும் மீட்டிங்கில் இருப்பார். காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, நம்மைப் பார்த்து ஒரு விரலைத் தூக்கிக் காட்டுவார். ஒரு நிமிடம் என்று அர்த்தம். கல்யாணமான நாள் முதல் நான் அந்த ஒரு நிமிடத்துக்குக் காத்திருக்கிறேன்.

"அம்மா, நாளைக்கு மாமா நல்ல மூடுல இருந்தாவன்னா கேட்டுருவேன்," என்றாள் ஷைனி போனில். "கேசரோலு எப்பிடி இருந்தாலும் கொள்ளாம்னு சொல்லு. வேற ஒண்ணும் பேசாத. கேட்டியா?" கொள்ளாம் என்றால் எங்கள் ஊர்ப் பேச்சில் நன்றாக இருக்கிறது என்று அர்த்தம்.

"நான் என்னத்தட்டீ பேசப்போறேன்?"

"அம்மா."

"செரி."

"அப்பாட்டயும் சொல்லு. சுந்தரி அத்தைட்ட ரெண்டு வாட்டி சொல்லு."

அடுக்களை காணப் போனோம்

நாங்கள் அன்று கருங்கல் பக்கத்திலிருக்கும் சம்மந்தி வீட்டுக்குப் போனது அடுக்களை காணலுக்கு. எங்கள் ஜில்லாவுக்கு வெளியே இருப்பவர்களுக்கு இதை விளக்கித்தான் ஆகவேண்டும். கல்யாணம் முடிந்து சில வாரம் கழித்து, பெண் வீட்டார் வேன் பிடித்து மாப்பிள்ளை வீட்டுக்குப் போவார்கள். கூடவே வாழைக்குலை, முந்திரிக்கொத்து, அச்சுமுறுக்கு, பாத்திர பண்டம் எல்லாம் போகும். அங்கே போய் அடுக்களையைப் பார்க்க வேண்டும். நம் பெண் நிற்கிற இடம் எப்படி இருக்கிறது, அவளுக்கு வயிறார ஏதாவது கிடைக்கிறதா என்று கண்ணால் கண்டுவிட்டு வருவதற்காக, யாரோ புத்தியுள்ள பெண் ஏற்படுத்தி வைத்த வழக்கம் என்று நினைக்கிறேன்.

இப்போது யாரும் அடுக்களையைப் பார்ப்பதில்லை. நாம் கொண்டுபோன பாத்திரத்தின் கனத்தை அவர்கள் பார்க்கிறார்கள், அவர்கள் போடும் மீன் துண்டின் கனத்தை நாம் பார்க்கிறோம். அடுக்களை அதன்பாட்டுக்கு இருக்கிறது.

என் கல்யாணத்தின்போது நடந்ததைச் சொன்னால் என் வீட்டுக்காரருக்குக் கோபம் வரும். அதனால் சொல்கிறேன். என் ஆட்கள் அடுக்களை காண வருகிறார்கள் என்றதும் என் மாமியார் தெருவெல்லாம் போய்ப் பாத்திரம் இரவல் வாங்கி வந்து, அலமாரி கொள்ளாமல் அடுக்கி வைத்துவிட்டார். பாத்திரம் வாங்கிய கையோடு அதில் பேர் வெட்டி வைப்பது நம் வழக்கம் இல்லையா? என் சித்தப்பா ஒருவர், கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு, ஒவ்வொரு பாத்திரமாக எடுத்துச் சத்தமாக வாசித்தார்.

"ஞானசெல்வம். இது ஆரு? ரோஸம்மாள். இது ஆரு? கோலப்பன் வகை... இதுவும் உங்க வீடுதானா?"

"எல்லாம் எங்க குடும்பந்தான்," என்றார் என் மாமியார், கண்ணை இமைக்காமல்.

நாங்கள் கிறிஸ்தவர்கள், கோலப்பன் பக்கத்து வீட்டு இந்துக் குடும்பத்துப் பெரியவர். அவரும் வேலி ஓரத்தில் நின்று வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார். மறுநாள் காலை பாத்திரமெல்லாம் போன பிறகு பார்த்தால், எனக்குக் காப்பி குடிக்க ஒரு டம்ளர் இருந்தது. அதன் அடியில் ஓட்டை.

ஆக, அடுக்களையைக் காட்டுவதும் காட்டாமல் இருப்பதும் எனக்குப் புதிதல்ல. அந்த அனுபவத்தோடுதான் வேனில் ஏறினேன்.

அயர்லாந்து விதை

நல்ல மழை. தக்கலை தாண்டியதும் ரோடு எங்கே இருக்கிறது, குளம் எங்கே இருக்கிறது என்று டிரைவருக்கே தெரியவில்லை. நேந்திரங்குலை வேனுக்குள் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் உருண்டு, எல்லோருடைய காலையும் ஒருமுறை விசாரித்தது. சுந்தரி மைனி மடியில் ஒரு புதுப் பெட்டி. சுந்தரி மைனி என் வீட்டுக்காரரின் அக்கா. எங்கள் குடும்பத்தில் எந்த விசேஷமானாலும் படை அவர் தலைமையில்தான் கிளம்பும்.

"என்ன மைனி அது?"

"கேசரோலு. நீதானே போன்ல சொன்ன, கேசரோலுன்னு?"

ஆப்பம் ஆறாமல் இருக்க மூடிவைக்கும் பிளாஸ்டிக் டப்பா. நம் வீடுகளில் கேசரோல் என்றால் அதுதான். இது சம்மந்தி வீட்டில் ஓவனில் வைத்துச் சுடப்போகிற ஒரு பதார்த்தம், தக்காளிக்காயை வைத்துச் செய்வது, எப்படி இருந்தாலும் கொள்ளாம் என்று சொல்ல வேண்டும் என்று நான் மறுபடி விளக்கினேன்.

"கொள்ளாம் என்னத்துக்கு? இன்னும் நல்லாச் சொல்லுதேன். பிள்ளை காரியமில்லா?" என்றார் மைனி. அப்போதே நான் பயந்திருக்க வேண்டும்.

இந்தத் தக்காளிக்காய் எங்கிருந்து வந்தது என்றும் சொல்லிவிடுகிறேன். தங்கராஜ் கல்ஃபில் ஏதோ எண்ணெய்க் கம்பெனி ஸ்டோரில் நெடுங்காலம் இருந்துவிட்டுத் திரும்பியவர். அங்கே ஒரு பச்சை இலையைப் பார்க்காமல் இருந்த ஏக்கத்தில், வந்ததும் மொட்டைமாடி முழுக்கப் பைகளை வாங்கி மண் நிரப்பிவிட்டார். மகள் அயர்லாந்திலிருந்து தக்காளி விதை கொடுத்தனுப்பினாள். மலையாளம் கலந்து பேசும் கருங்கல் வெயிலில் அயர்லாந்து விதை என்ன நினைத்ததோ, செடி மட்டும் ஆள் உயரத்துக்கு வளர்ந்தது.

அதன்பிறகு எங்களுக்கு நிம்மதி போயிற்று. இரு குடும்பத்துக்கும் பொதுவாக ஒரு வாட்சப் குழு தொடங்கியிருந்தார்கள். விடிந்தால் தக்காளிப் பூ. மத்தியானம் தக்காளிப் பிஞ்சு. சாயங்காலம் அதே பிஞ்சு, வேறு கோணத்தில். நானும் 'சூப்பர்' என்று கைகூப்பிய படத்தோடு பதில் போட்டுக்கொண்டே இருந்தேன். பெண்ணைக் கொடுத்தவள் வேறு என்ன செய்ய?

ஆனால் ஒரு பழமும் படமாக வரவில்லை. மழை விடாததால் காய் பழுக்கவில்லை. தப்பித்தவறி ஒன்று கன்னம் சிவந்தால் அன்றைக்கே அணில் வந்து கடித்துவிட்டுப் போய்விடும். மனுஷன் குடையைப் பிடித்துக்கொண்டு மாடியில் காவல் இருந்து பார்த்தார். அணிலுக்குக் குடை தேவைப்படவில்லை. கடைசியில் கோபம் வந்து, எல்லாவற்றையும் காயாகவே பறித்து இறக்கிவிட்டார்.

இந்தக் காயை நம் ஆட்களிடம் கொடுத்தால் ஐந்து நிமிடத்தில் காரியம் முடிந்திருக்கும். நாலு வற்றல் மிளகாயோடு வதக்கித் துவையல் அரைக்கலாம். தேங்காய் அரைத்து விட்டுப் புளிப்பாக ஒரு கறி வைக்கலாம். சம்மந்தியம்மா லீலாபாய் அதைத்தான் சொன்னாராம். ஆனால் அயர்லாந்து விதையில் காய்த்ததைத் தேங்காய் போட்டுக் கெடுக்கக்கூடாது என்று தங்கராஜ் தடுத்துவிட்டார். மகளுக்கு போன் போட்டார். அங்கேயெல்லாம் பழுக்காத தக்காளியை வெட்டி அடுக்கி, ரொட்டித் தூளும் சீஸும் போட்டு ஓவனில் வைப்பார்கள் என்று அவள் சொன்னாள். அதை ஷைனி கையால் செய்ய வேண்டும், அதுவும் அடுக்களை காண வருகிறவர்கள் கண் முன்னால் செய்ய வேண்டும் என்று முடிவானது.

ஷைனியைப் பற்றி ஒரு உண்மை. அவள் வெந்நீர் வைத்தால் அதையும் ஒருமுறை ருசி பார்த்துவிட்டுத்தான் நாங்கள் குளிப்போம்.

ஸ்டிக்கர் பிரிக்காத ஓவன்

எங்கள் ஜில்லாவின் மேற்கே கல்ஃப் பணத்தில் கட்டிய வீடுகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். அங்கே இரண்டு அடுக்களை உண்டு. முன்னால் ஒன்று, மாடுலர் கிச்சன். பளபளவென்று பலகை, கண்ணாடி அடுப்பு, புகை உறிஞ்சி எல்லாம் இருக்கும். அதில் பால்கூடக் காய்ச்ச மாட்டார்கள். எண்ணெய் தெறித்துவிடும் அல்லவா? பின்னால் ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்டு இன்னொன்று, அதற்கு வொர்க் ஏரியா என்று பேர். மீன் வெட்டுவது, தேங்காய் அரைப்பது, சோறு வடிப்பது, வேர்ப்பது எல்லாம் அங்கே.

லீலாபாய் அந்தப் பின்னடுக்களையிலிருந்து வந்து, ஈரக்கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு "வாங்க, எல்லாரும் வாங்க" என்றார். அதே வேகத்தில் உள்ளே போய்விட்டார். பின்னாலிருந்து மீன்கறி வாசனை வந்தது. எங்கள் ஆட்களின் மூக்கெல்லாம் அந்தப் பக்கம் திரும்பியது. தங்கராஜ் எங்களை முன்னடுக்களைக்கு ஓட்டிச் சென்றார்.

அங்கே மேடைமேல், கல்யாணத்துக்கு நாங்கள் கொடுத்த ஓவன். அதன் கண்ணாடிக் கதவில் ஒட்டியிருந்த பிளாஸ்டிக் தாளும், வட்டமான ஸ்டிக்கரும் அப்படியே இருந்தன.

"மாமா, இதைப் பிரிச்சிட்டு வைக்கணும்," என்றாள் ஷைனி.

"இருக்கட்டு மோளே. உங்க வீட்டு ஆளுவ இன்னைக்குத்தானே பாக்காவ. புதுசுன்னு தெரிய வேண்டாமா?"

அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. எங்கள் வீட்டில் டிவி ரிமோட்டுக்குப் போட்ட உறை கிழிந்து, அதற்குமேல் இன்னொரு உறை போட்டிருக்கிறோம்.

ஷைனி வெட்டினாள். பிள்ளை எலும்பையும் தசையையும் படித்தவள், தக்காளியைப் படித்தவள் அல்ல. வில்லைகள் ஒவ்வொன்றும் அடுப்பாங்கட்டி கனத்தில் விழுந்தன. ரொட்டித் தூளுக்குப் பதில் ரஸ்க்கை இடித்திருந்தார்கள், இனிப்பு ரஸ்க். வெண்ணெய் வாங்க மறந்துபோனதால் தேங்காயெண்ணெய். தேங்காய் கூடாது என்று விரட்டினாலும் அது பின்வாசல் வழியாக வந்து சேர்ந்துவிட்டது. தங்கராஜ் ஒரு கையில் மகளின் குரல் பதிவைப் போட்டுக் கேட்டுக்கொண்டே, மறு கையால் படம் எடுத்தார். நடுநடுவே எங்களையும் ஒதுங்கி நிற்கச் சொன்னார், வெளிச்சம் மறைக்கிறதாம்.

பாத்திரம் உள்ளே போனது. விளக்கு எரிந்தது. பட்டுச்சேலை கட்டிக்கொண்டு, கைப்பையை அணைத்துக்கொண்டு, நாங்கள் எல்லோரும் அந்த ஓவனைப் பார்த்துக்கொண்டு நின்றோம். ஓட்டு எண்ணும் இடத்தில்கூட அவ்வளவு அமைதி இருக்காது. கொஞ்ச நேரத்தில் ஒரு நாற்றம் வந்தது.

"சீஸு உருகுது," என்றார் தங்கராஜ்.

உருகியது கதவில் ஒட்டியிருந்த பிளாஸ்டிக். என் வீட்டுக்காரர் இருமினார். மாப்பிள்ளை அறைக்குள்ளிருந்து எட்டிப் பார்த்து, ஒரு விரலைக் காட்டிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார்.

எல்லோரும் சொன்னோம்

இப்படியாக அந்தத் தட்டு என் கைக்கு வந்தது, சம்மந்தியின் போனும் என் முகத்துக்கு முன்னால் வந்தது.

கடித்தேன் என்று சொன்னேன் அல்லவா? முதலில் ரஸ்க்கின் இனிப்பு. பிறகு கரி. அதன்பிறகு பல் ஒரு இடத்தில் போய் நின்றது, அதுதான் தக்காளி. அதை வற்புறுத்திக் கடித்ததும் வந்த புளிப்பில் என் இடது கண் தானாக மூடிக்கொண்டது. மூச்சை உள்ளே இழுத்தால் பிளாஸ்டிக். உப்பு எங்கோ அடியில் தேங்கியிருக்க வேண்டும், என் பங்குக்கு வரவில்லை.

ஷைனியைப் பார்த்தேன். திங்கட்கிழமையை நினைத்தேன்.

"கொள்ளாம்," என்றேன். என் வாழ்க்கையில் நான் சொன்ன மிகச் சுருக்கமான வாக்கியம் அதுவாகத்தான் இருக்கும்.

"கண்ணைச் சிமிட்டிக் காட்டுதாவ பாருங்க! அவ்வளவு ருசி!" என்று போனைப் பார்த்துச் சொன்னார் தங்கராஜ்.

என் வீட்டுக்காரர் மெல்லாமல் விழுங்கிவிட்டு, "கொள்ளாம், கொள்ளாம்" என்றார். வேனில் வந்த ஒவ்வொருவரும் சொன்னார்கள். சொன்ன வேலையைச் சரியாகச் செய்யும் குடும்பம் எங்கள் குடும்பம். ஒருவர் மணம் நன்றாக இருக்கிறது என்றார். இன்னொருவர் புளிப்பு உடம்புக்கு நல்லது என்றார். ஷைனியின் முகம் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிந்தது. தங்கராஜ் பூரித்துப்போய் நின்றார். இதுதான் சமயம் என்று பிள்ளை தொண்டையைச் செருமிக்கொண்டு, "மாமா, திங்கட்கிழமை..." என்று ஆரம்பித்தாள்.

அந்த இடத்தில்தான் சுந்தரி மைனி தட்டைக் கீழே வைத்தார்.

"அண்ணாச்சி, நான் எத்தனையோ கல்யாண வீட்டுல தின்னிருக்கேன். பெரிய ஹோட்டல்லயும் தின்னிருக்கேன். இப்பிடியொரு கைப்பக்குவம் நான் கண்டதில்ல கேட்டியளா. இந்தக் கைக்கு வளையலு செஞ்சு போடணும்."

"கேட்டியா மோளே, அத்தை சொல்லுததை!" தங்கராஜ் போனை மைனி பக்கம் திருப்பினார், பிறகு ஷைனி பக்கம் திருப்பினார். "இதைத்தான் நானும் நினைச்சேன். இப்பிடியொரு கை உள்ள பிள்ளை எதுக்கு மழையில பஸ்ஸுல இடிபட்டுப் போயி, கண்டவன் முட்டுக்காலையும் பிடிச்சு உருவணும்? வேலையும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். நீ இங்க இரி. தினம் ஒரு ஐட்டம் பண்ணு. மாடியில காயி கெடக்கு, நான் வீடியோ எடுத்துப் போடுதேன். நமக்கு ஒரு சேனலு தொடங்குவோம்."

ஷைனியின் கை, கையுறையோடு, மெல்லக் கீழே இறங்கியது. அழுகையை அடக்கும்போது கீழுதட்டை உள்ளே மடிப்பாள், சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். இப்போதும் மடித்தாள்.

எங்கள் வாயாலேயே நாங்கள் அவளை அந்த ஓவனோடு சேர்த்துக் கட்டிப் போட்டுவிட்டோம். தட்டை வைத்துவிட்டு வாயைத் திறக்கப் போனேன். என் வீட்டுக்காரர் என் முழங்கையைப் பிடித்து அழுத்தினார். அப்போது பின்னடுக்களையிலிருந்து லீலாபாய் வந்தார்.

சேலையை இடுப்பில் தூக்கிச் செருகியிருந்தார். கையில் சோற்றுக் கரண்டி. எங்கள் தட்டுகளைப் பார்த்தார், பிள்ளையின் முகத்தைப் பார்த்தார்.

"வா, வா. நீயும் ஒரு துண்டு தின்னு பாரு. எல்லாரும் கொள்ளாம்னு சொல்லுதாவ," என்றார் தங்கராஜ்.

லீலாபாய் கரண்டியை மேடையில் வைத்துவிட்டு, பாத்திரத்திலிருந்து கையாலேயே ஒரு துண்டை எடுத்து வாயில் போட்டார். நாங்கள் எல்லோரும் ஒன்றாகக் கண்ணைக் காட்டினோம், தலையை ஆட்டினோம். அந்த அம்மா எங்களை ஏறிட்டும் பார்க்கவில்லை. நிதானமாக மென்றார்.

"வாயில வைக்கக் கொள்ளாது," என்றார்.

மைனி கீழே வைத்த தட்டை மறுபடி எடுத்துப் பார்த்தார்.

"காயி வேகல்ல. உப்பு ஒரு பக்கம் இருக்கு, ஒரு பக்கம் இல்ல. பிளாஸ்டிக்கு தீஞ்ச நாத்தம் வேற. இந்தப் பிள்ளைக்கு அடுக்களை பிடிபடாது. இவளை இங்கன நிறுத்தி வச்சியன்னா என் சாமானத்தை எல்லாம் கரிச்சிருவா. பேசாம வேலைக்கு அனுப்புங்க. இல்ல, வீட்டுலதான் இருக்கணும்னா, இவ வைக்கதை எல்லாம் நீங்கதான் தின்னணும். நான் தொடமாட்டேன்."

"இவ்வளவு பேரு சொல்லுதாவளே..."

"நீங்க தின்னியளா?"

தங்கராஜ் தின்னவில்லை. படம் எடுப்பதிலேயே இருந்துவிட்டார். எல்லோரும் அவரைப் பார்த்தோம். போனை என் வீட்டுக்காரர் கையில் கொடுத்துவிட்டு, ஒரு பெரிய துண்டாக எடுத்து வாயில் வைத்தார். மென்றார். மெல்லுவது நின்றது. மறுபடி மென்றார். அயர்லாந்துக்கு அந்தக் காட்சியும் போய்ச் சேர்ந்தது, ஏனென்றால் என் வீட்டுக்காரருக்குப் போனை நிறுத்தத் தெரியாது.

கஷ்டப்பட்டு விழுங்கிவிட்டு அவர் ஷைனியைப் பார்த்தார்.

"காலையில நாகர்கோவிலுக்கு எத்தனை மணிக்கு மோளே பஸ்ஸு?"

பின்னடுக்களை

இந்த இடத்தில் நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். எனக்கு வந்தது கோபம்.

கல்யாணமாகி மாதம் ஒன்று தாண்டவில்லை, என் பிள்ளையை என் ஆட்கள் முன்னால் வைத்து இப்படியா சொல்வது? காய் வேகாதது உண்மை. உப்பு இல்லாததும் உண்மை. அதைச் சொல்லும் உரிமை பெற்றவளுக்குத்தானே உண்டு? ஷைனி தலையைக் குனிந்துகொண்டு நின்றாள், தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்தேன். சிரித்தாளாம், பிறகுதான் சொன்னாள். மைனி வேறு என் காதுக்குள், "பாத்தியா, மாமியாக்காரி குணத்தைக் காட்டிட்டா" என்று ஊதிவிட்டார்.

விறுவிறுவென்று பின்னடுக்களைக்குப் போனேன். அங்கே பெரிய பானையில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது. புகையும் ஆவியுமாக, கூரையில் மழை அடித்துக்கொண்டிருக்க, லீலாபாய் அடுப்பைத் தணித்துக்கொண்டிருந்தார். எங்கள் ஆட்களில் அந்த அடுக்களையை அன்று எட்டிப் பார்த்தது நான் ஒருத்திதான்.

"என்ன சம்மந்தி, எம் பிள்ளைக்கு அம்புட்டுக்கு ஒண்ணுமே தெரியாதா?" என்றேன். மைதானத்துக் குரல் வந்துவிட்டது.

லீலாபாய் எனக்குப் பின்னால் யாராவது வருகிறார்களா என்று பார்த்தார். யாரும் இல்லை.

"கோவப்படாதீங்க டீச்சர். நல்லா இருந்திருந்தாலும் நான் அதைத்தான் சொல்லியிருப்பேன்."

எனக்குப் புரியவில்லை. நின்றேன்.

"நானும் டீச்சர் டிரெயினிங் முடிச்சவதான். வேலைக்கு ஆர்டரும் வந்துது," என்றார், அடுப்பைப் பார்த்துக்கொண்டே. "எங்க வீட்டுல இருந்து அடுக்களை காண வந்த அன்னைக்கு நான் சாளை மீன்கறி வச்சேன். எல்லாரும் கொள்ளாம்னு சொல்லிட்டாவ."

கொண்டுபோன கோபத்தை எங்கே வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. வெட்கமாக இருந்தது. அவர் கரண்டியில் ஒரு பருக்கையை எடுத்து விரலால் நசுக்கிப் பார்த்தார்.

"கொஞ்சம் தள்ளி நில்லுங்க," என்றார். "சோறு வடிக்கணும்."